ரீமிக்ஸ் தொகுப்பில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தொண்டி முதல் மூக்கையூர் வரை திருவிழா மைக்செட்டிலும் விசைப்படகு ஸ்பீக்கரிலும் ஒலிக்கும் ரீமிக்ஸ் தொகுப்புகளில் பல, எந்த நிறுவனமும் வெளியிடாதவை; யாரோ ஓர் இளைஞர் இரவெல்லாம் விழித்துக் கோத்தெடுத்து, பென் டிரைவிலும் டெலிகிராமிலும் கைமாறி வந்தவை. அந்த உழைப்பு வீணாகக் கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

பெரிய தவறு, ஏற்கெனவே சுருக்கப்பட்ட கோப்பையே மூலமாகக் கொள்வது. எம்பி3 வடிவம், காதுக்கு எளிதில் புலப்படாதென்று கணிக்கும் ஒலிக்கூறுகளை நீக்கித்தான் கோப்பைச் சிறிதாக்குகிறது. நீக்கியது திரும்ப வராது. 128 கேபிபிஎஸ் (ஒரு நொடி ஒலிக்குச் செலவாகும் தரவின் அளவு) பாடலை 320இல் மறுபடி சேமித்தால், நிமிடத்துக்கு ஏறத்தாழ 1 எம்பியாக இருந்தது 2.4 எம்பியாகப் பருக்குமே தவிர, ஒலி துளியும் தெளியாது. ஹெட்போனில் தெரியாத இக்குறை, பெரிய பாக்ஸில் ஜால்ரா ஓசை தண்ணீருக்குள்ளிருந்து வருவதுபோல் குழையும்போது அப்பட்டமாகிவிடும். வேலை முடியும்வரை, ஒலிக்கூறு எதையும் நீக்காத வேவ் அல்லது ஃபிளாக் வடிவிலேயே வைத்திருந்து, கடைசியில் ஒரே ஒருமுறை எம்பி3 ஆக்குங்கள்.

பழைய கேசட்டிலிருந்து பாட்டெடுப்பவர்கள் அவசரப்படக் கூடாது. கடற்கரை ஈரக்காற்றில் பல ஆண்டு கிடந்த கேசட்டை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள்; நாடாச் சுருளின் ஓரத்தில் வெள்ளைப் பொடி படர்ந்திருந்தால் அது பூஞ்சை. அப்படியே ஓடவிட்டால் டெக்கில் நாடாவைப் படிக்கும் ஹெட்டிலும் ரப்பர் உருளையிலும் ஒட்டி, அடுத்த கேசட்டுக்கும் தொற்றும். கீழக்கரையில் உறவினர் வீட்டுப் பரணில் எடுத்த கேசட் ஒன்றை நான் இப்படித்தான் ஓட்டி, நாடா சிக்கி அறுந்து, பாடல்களில் ஒரு பகுதியையே இழந்தேன்.

இலவசமாகத்தானே தருகிறோம் என்ற எண்ணமும் சரியன்று. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், 63ஆம் பிரிவின்படி, தெரிந்தே உரிமையை மீறுவோருக்கு ஆறு மாதம் முதல் மூன்றாண்டு வரை சிறையும், 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கிறது. இலாப நோக்கமின்மை தண்டனையைக் குறைக்கலாம், குற்றத்தை அழிக்காது.

இவற்றையெல்லாம்விட என்னை வருத்துவது, பெயரை அழிப்பது. இராமநாதபுரத்தில் பிறந்த நாகூர் ஹனிபாவின் குரலுக்கு அடித்தாளம் சேர்த்துவிட்டு, விவரத்தில் டிஜேயின் பெயரை மட்டும் இடுவது எப்படி நியாயமாகும்? பாடியவர், இசையமைத்தவர், எழுதியவர், எந்தக் கேசட்டிலிருந்து எடுத்தது என அனைத்தையும் கோப்பிலேயே பதியுங்கள். கரைவலை இழுக்கும்போது பெரியவர்கள் பாடும் அம்பாப் பாட்டைச் செல்போனில் பதிந்து கலப்பதாயின், முதலில் அவர்களிடமே சம்மதம் கேளுங்கள். தாளம் சேர்க்காத மூலப் பதிவை அவர்கள் வீட்டிலும் ஒரு பிரதி கொடுத்துவையுங்கள்.