கியூப் போட்டிக்கு முன் கற்க வேண்டிய சொற்கள்: மேசையிலிருந்து தொடங்குங்கள்

ரூபிக்ஸ் கியூப் வகுப்பில் சேர்ந்த பிள்ளைகள் முதல் மாதமே எஃப்டூஎல், ஓஎல்எல், பிஎல்எல் என்று கியூபை முடிக்கும் படிகளின் பெயர்களைப் பேச ஆரம்பித்துவிடுகிறார்கள். நல்லதுதான். ஆனால் முதல் போட்டியில் அவர்களுடைய நேரத்தைக் கெடுப்பது இந்தச் சொற்கள் எதுவும் இல்லை. மேசையில் உட்கார்ந்ததும் ஜட்ஜ் சொல்கிற நான்கைந்து சொற்கள்தான். என் மகனோடு கூடப் போய், அப்புறம் நானே ஜட்ஜாக உட்கார ஆரம்பித்த அம்மா நான். கோயம்புத்தூர், சென்னை என்று போகிற இடத்திலெல்லாம் இதையே பார்க்கிறேன். அதனால் இந்தச் சொற்களை நான் கற்றுக்கொடுப்பது தலைகீழ் வரிசையில். முதலில் மேசை, அப்புறம் கணக்கு, கடைசியில்தான் அல்காரிதம், அதாவது மனப்பாடமாகத் திருப்பும் வரிசைகள்.

கியூபைக் கலைப்பதுதான் ஸ்க்ராம்பிள். இஷ்டத்துக்குக் கலைப்பதில்லை. கணினி தரும் ஒரு வரிசை இருக்கும். வெள்ளை மேலே, பச்சை முன்னால் வைத்து, ஸ்கிராம்ப்ளர் அதை அப்படியே திருப்பி, பக்கத்திலுள்ள படத்தோடு ஒப்பிட்டுப் பார்ப்பார். ஒரு குரூப்பில் இருக்கும் எல்லோருக்கும் அதே ஸ்க்ராம்பிள்தான். கலைத்த கியூபை மூடி போட்டு மேசைக்குக் கொண்டுவருபவர் ரன்னர்.

மூடியைத் தூக்கியதும் இன்ஸ்பெக்‌ஷன் தொடங்கும். 15 நொடி. கியூபைக் கையில் எடுத்து எல்லாப் பக்கமும் பார்க்கலாம், ஒரு திருப்பம்கூடத் திருப்பக் கூடாது. நான் ஸ்டாப்வாட்சைப் பார்த்துக்கொண்டே 8-வது நொடியில் "எய்ட் செகண்ட்ஸ்" என்பேன், 12-வது நொடியில் "ட்வெல்வ் செகண்ட்ஸ்" என்பேன். முதல் குரல் கேட்டதுமே சில பிள்ளைகள் பதறிப்போய் கியூபைக் கீழே வைத்துவிடுகிறார்கள். இன்னும் 7 நொடி பாக்கி இருக்கிறது கண்ணு! பன்னிரண்டு கேட்டதும் வைத்தால் போதும். 15 தாண்டித் தொடங்கினால் உங்கள் நேரத்தோடு 2 நொடி சேரும். 17-ஐயும் தாண்டினால் அந்த சால்வ், அதாவது கியூபை முடிக்கும் அந்த ஒரு முயற்சி, கணக்கிலேயே வராது.

அந்த 2 நொடிக்குப் பெயர் பிளஸ் டூ. கணக்கில் வராமல் போவதற்குப் பெயர் டிஎன்எஃப். இந்த இரண்டுக்கும் நடுவிலுள்ள கோடு எங்கே ஓடுகிறது என்று தெரிந்துகொள்வதுதான் போட்டிச் சொற்களிலேயே முக்கியமான பாடம். டைமரை நிறுத்திய பின் மேல் அடுக்கு கொஞ்சம் சாய்ந்து நிற்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். நேர்நிலைக்கு 45 டிகிரிக்குள் சாய்ந்திருந்தால் ஒன்றும் இல்லை, முடிந்ததாகவே எடுத்துக்கொள்வோம். 45-ஐத் தாண்டி, இன்னும் ஒரு திருப்பம் தேவைப்படுகிறது என்றால் பிளஸ் டூ. ஒன்றுக்கு மேல் தேவைப்பட்டால் டிஎன்எஃப். நான் மேலிருந்து குனிந்து பார்ப்பது அதற்காகத்தான். மேலடுக்கின் மூலை, கீழடுக்குப் பக்கத்தின் பாதியைத் தாண்டியிருக்கிறதா என்று கண்ணாலேயே அளப்பேன்.

இந்த நேரத்தில்தான் பிள்ளைகளின் கை பரபரக்கும். "ஆன்ட்டி, லேசாத்தான் சாய்ஞ்சிருக்கு" என்று சொல்லிக்கொண்டே விரலால் தட்டிச் சரிசெய்யப் பார்ப்பார்கள். கூடவே கூடாது. ஜட்ஜ் பார்த்து முடிக்கும்வரை கியூபைத் தொடக் கூடாது. தொட்டுத் திருப்பினால், முடிந்திருந்த சால்வ்கூட டிஎன்எஃப் ஆகிவிடும். டைமரை ரீசெட் செய்வதும் ஜட்ஜ் நேரத்தை எழுதிய பிறகுதான். விதிகளை உலக கியூப் சங்கம் அவ்வப்போது திருத்தும், போட்டிக்கு முந்தின வாரம் அவர்களுடைய விதிப் பக்கத்தை ஒருமுறை வாசித்துவிடுங்கள்.

இதை வீட்டிலேயே பழகலாம், பழகத்தான் வேண்டும். அம்மாவோ அப்பாவோ தாத்தாவோ, யாராவது ஜட்ஜாக உட்காருங்கள். ஒரு டப்பாவால் கியூபை மூடி வையுங்கள், கைப்பேசியில் ஸ்டாப்வாட்ச் ஓடட்டும், எட்டும் பன்னிரண்டும் சத்தமாகச் சொல்லுங்கள். முடித்ததும் பிள்ளையின் கை மேசையை விட்டு நகர்கிறதா என்று மட்டும் கவனியுங்கள். கியூப் தெரியாதவர்களும் இதைச் செய்யலாம். என் மாமியார் எங்கள் வீட்டில் அருமையான ஜட்ஜ்.

அடுத்தது கணக்கு. ஒரே ஒரு சால்வின் நேரம் சிங்கிள். ஐந்து சால்வ் செய்து, மிக நல்லதையும் மிக மோசமானதையும் தள்ளிவிட்டு, நடுவிலுள்ள மூன்றின் சராசரியை எடுத்தால் அது ஆவரேஜ். 3×3-இல் சுற்றில் யார் முந்துகிறார் என்பதை முடிவு செய்வது ஆவரேஜ்தான். ஓர் உதாரணம் பாருங்கள். ஒரு பிள்ளையின் ஐந்து சால்வ்: 17.35, 16.90, டிஎன்எஃப், 18.42, 19.11. டிஎன்எஃப் என்பது எல்லாவற்றையும் விட மோசம், அதனால் அது தள்ளப்படும். மிக நல்ல 16.90-உம் தள்ளப்படும். மீதி மூன்றைக் கூட்டி மூன்றால் வகுத்தால் 18.29. ஆக ஒரு டிஎன்எஃப் வந்தால் உலகம் முடிந்துவிடவில்லை. இரண்டு வந்தால் ஆவரேஜே டிஎன்எஃப். மூன்றாவது சால்வில் டிஎன்எஃப் வாங்கிய பிள்ளை அழுதுகொண்டு எழுந்து போவதைப் பார்க்கும்போது இந்தக் கணக்கை யாராவது முன்னாலேயே சொல்லியிருக்கக் கூடாதா என்று இருக்கும். அந்த நேரத்தில் தேவை வேகம் இல்லை, மீதி இரண்டையும் நிதானமாக முடிப்பது.

நான்கு சால்வ் முடிந்ததும் பிள்ளைகள் "பிபிஏ என்ன?" என்று கேட்டுக்கொள்வார்கள். ஐந்தாவது எவ்வளவு நன்றாக அமைந்தாலும் ஆவரேஜ் எதற்குக் கீழே போக முடியாதோ அந்த எண். மேலே சொன்ன பிள்ளைக்கு நான்காவது முடிந்தபோது அது 17.56. நேர் எதிரானது டபிள்யூபிஏ, அவனுக்கு டிஎன்எஃப். 6×6, 7×7 போன்ற பெரிய கியூபுக்கு மூன்று சால்வ் மட்டும். எதையும் தள்ளாமல் எடுக்கும் அந்தச் சராசரிக்குப் பெயர் மீன் (mean). அங்கே ஒரு டிஎன்எஃப்பே மீனைக் கெடுத்துவிடும்.

சிங்கிளுக்கும் ஆவரேஜுக்கும் உள்ள தூரத்தைப் புரிந்துகொள்ள சாதனைப் பட்டியலைப் பார்த்தாலே போதும். 1982-இல் புடாபெஸ்டில் நடந்த முதல் உலகப் போட்டியை மின் தாய் (Minh Thai) என்பவர் 22.95 நொடியில் வென்றார். அன்று பார்த்தது சிறந்த ஒரு சால்வை மட்டும். உலக கியூப் சங்கம் வந்தது 2004-இல். 2018-இல் சீனாவின் யூஷெங் டூ 3.47 நொடியில் சிங்கிள் உலக சாதனை செய்தபோது, ஆவரேஜ் சாதனை ஆஸ்திரேலியாவின் ஃபெலிக்ஸ் செம்டெக்ஸ் பெயரில் இருந்தது. 2023-இல் மேக்ஸ் பார்க் 3.13 எடுத்து அந்த சிங்கிளை முறியடித்தார். சிங்கிளுக்கு ஸ்க்ராம்பிளும் கைகொடுக்க வேண்டும். ஆவரேஜ் முழுக்க ஆளின் திறமை என்று நான் நினைக்கிறேன். "நான் சப்-20" என்று ஒரு பிள்ளை சொன்னால், சராசரியாக 20 நொடிக்குள் முடிக்கிறேன் என்று பொருள். ஒருமுறை 19.8 வந்ததை வைத்து அப்படிச் சொல்லிக்கொள்ளக் கூடாது.

இனி கையில் கியூபை எடுங்கள். திருப்பங்களுக்கு எழுத்துப் பெயர் உண்டு: வலப்பக்கம் ஆர், மேல் யூ, முன் எஃப், இடப்பக்கம் எல். எழுத்து மட்டும் இருந்தால் கடிகாரத் திசையில் கால் சுற்று, பிரைம் சேர்ந்தால் எதிர்த்திசை, 2 சேர்ந்தால் அரைச் சுற்று. இதை மனப்பாடம் செய்ய வேண்டாம். முடித்த கியூபில் ஆர், யூ, ஆர் பிரைம், யூ பிரைம் என்று வாயால் சொல்லிக்கொண்டே திருப்புங்கள். இந்த நான்கையும் ஆறு முறை திரும்பத் திரும்பச் செய்தால் கியூப் பழையபடி முடிந்த நிலைக்கு வந்துவிடும். வரவில்லையென்றால் எங்கோ திசை மாறியிருக்கிறது. சரிபார்க்க வேறு ஆளே வேண்டாம். இப்படி ஒரே மூச்சில் விரல் ஓட்டும் சிறு துண்டுக்கு டிரிகர் என்று பெயர்.

முறைகளின் பெயர்களில் அதிகம் காதில் விழுவது சிஎஃப்ஓபி. ஜெசிகா ஃப்ரிட்ரிச்சின் பெயரோடு சேர்த்துச் சொல்லப்படும் முறை. அதன் நான்கு படிகள்: கிராஸ், எஃப்டூஎல், ஓஎல்எல், பிஎல்எல். கிராஸ் என்பது ஒரு பக்கத்தின் நான்கு விளிம்புத் துண்டுகள். எந்தக் கலைப்பிலும் எட்டுத் திருப்பத்துக்குள் முடியும், அதனால் இன்ஸ்பெக்‌ஷனிலேயே முழுதாகத் திட்டமிடலாம். எஃப்டூஎல்லில் ஒரு மூலையையும் ஒரு விளிம்பையும் சோடி சேர்த்து உள்ளே இறக்க வேண்டும், நான்கு சோடி. கடைசி அடுக்கின் நிறத்தை மேலே கொண்டுவருவது ஓஎல்எல், 57 அல்காரிதம். துண்டுகளை இடம் மாற்றி முடிப்பது பிஎல்எல், 21. டீ பெர்ம், யூ பெர்ம், ஜே பெர்ம் என்கிற பெயர்கள், துண்டுகள் நகரும் அம்புக்குறிகள் எந்த ஆங்கில எழுத்துப் போலத் தெரிகின்றனவோ அதை வைத்து வந்தவை. அதிர்ஷ்டம் இருந்தால் ஓஎல்எல் முடிந்ததும் கியூபே முடிந்திருக்கும், மிஞ்சினால் மேலடுக்கை ஒருமுறை திருப்ப வேண்டியிருக்கும். அது பிஎல்எல் ஸ்கிப், 72-இல் ஒரு வாய்ப்பு. ரூ என்றொரு முறையும் உண்டு, அதில் இரு பக்கமும் கட்டைகளாகக் கட்டிக்கொண்டு நடு அடுக்கைச் சுற்றி முடிப்பார்கள். ஏதாவது ஒன்றைப் பிடித்துக்கொண்டால் போதும்.

57 ஓஎல்எல்லையும் முதலிலேயே திணிப்பது எனக்குப் பிடிக்காத பழக்கம். இரண்டு கட்டமாகப் பிரித்தால் ஓஎல்எல்லுக்குப் பத்து, பிஎல்எல்லுக்கு ஆறு, ஆக 16 அல்காரிதம் போதும். மீதி நேரத்தை வேறு சொற்களுக்குக் கொடுங்கள்.

அந்தச் சொற்களில் முதலாவது டிபிஎஸ், நொடிக்கு எத்தனை திருப்பம் என்பது. சிஎஃப்ஓபியில் ஒரு சால்வுக்குச் சுமார் 60 திருப்பம் என்று வைத்துக்கொண்டால், 20 நொடியில் முடிப்பவரின் டிபிஎஸ் 3. அதே ஆளை டீ பெர்ம் மட்டும் செய்யச் சொல்லுங்கள். அதில் 14 திருப்பம், இரண்டு நொடியில் முடித்துவிடுவார், டிபிஎஸ் 7. கை ஏழுக்கு ஓடும்போது முழு சால்வ் ஏன் மூன்றில் நிற்கிறது? நடுவில் கை நின்று, கண் தேடுகிறது. அதற்குப் பெயர் பாஸ். அதைக் குறைக்கும் வழிக்குப் பெயர் லுக்அஹெட்: கை இந்தச் சோடியை இறக்கும்போதே கண் அடுத்த சோடியைப் பிடித்திருப்பது. பழக ஒரே வழி, மெதுவாகத் திருப்புவது. கை நிற்கவே கூடாது, எவ்வளவு மெதுவாக வேண்டுமானாலும் போகட்டும். பிள்ளைகளுக்கு இது அலுப்பாக இருக்கும். இருந்தாலும் 20 நொடிக்குக் கீழே இறங்கிய எந்தப் பிள்ளையைக் கேட்டாலும் இதைத்தான் சொல்லும்.

மற்றவை கைக்கான சொற்கள். கியூபையே முழுதாகத் திருப்பிப் பிடித்தால் ரொட்டேஷன், விரல்களை எடுத்து மாற்றி வைத்தால் ரீகிரிப், அடுக்கு சரியாக நேராகாமல் அடுத்த திருப்பம் சிக்கிக்கொண்டால் லாக்கப். இவற்றைப் படித்துத் தெரிந்துகொள்வதில் பயன் குறைவு. ஒரு சால்வைக் கைப்பேசியில் படம் எடுத்து, மெதுவாக ஓட்டி, நோட்டில் எழுதுங்கள். என் மகன் எழுதிய ஒரு வரி: "இரண்டாவது சோடி, பின்பக்கம், ரொட்டேஷன் இரண்டு, பாஸ் நீளம்." அதைப் பார்த்ததும் பின்பக்கத்துச் சோடியை ரொட்டேஷன் இல்லாமல் இறக்கப் பழகினான். "இன்னிக்கு சரியா வரல" என்று எழுதியிருந்தால் அடுத்து என்ன செய்வது என்று யாருக்கும் தெரிந்திருக்காது.

அரங்கில் காதில் விழும் மீதிச் சொற்கள் சுலபம். பதிவு செய்தவர்களை அவர்களுடைய பழைய நேர வரிசையில் காட்டும் பட்டியல் சைக் ஷீட். கட்ஆஃப் என்றால் முதல் ஒன்றிரண்டு சால்வில் குறித்த ஒரு நேரத்துக்குள் வந்தால்தான் மீதி சால்வ் கிடைக்கும். டைம் லிமிட் ஒரு சால்வுக்கான உச்ச நேரம், பொதுவாக 10 நிமிடம். வீட்டில் எடுத்த சிறந்த நேரம் பிபி, போட்டியில் எடுத்தது பிஆர், தேசிய சாதனை என்ஆர். துண்டு தெறித்து விழுந்தால் பாப். டைமர் ஓடிக்கொண்டிருக்கும்போதே அதைப் பொறுக்கி மாட்டித் தொடரலாம், தனியாக ஒரு மூலை மட்டும் முறுகியிருந்தால் அதையும் திருகிச் சரிசெய்து முடிக்கலாம். இது தெரியாமல் கியூபைக் கீழே வைத்துவிடுகிறார்கள்.

கடைசியாக, எக்ஸ்ட்ரா. டைமர் பழுதாகிவிட்டது, பக்கத்து ஆள் மேசையில் மோதிவிட்டார் என்பது போன்ற நேரங்களில் கூடுதலாக ஒரு சால்வ் தரலாமா என்று முடிவு செய்வது டெலிகேட், உலக கியூப் சங்கத்தின் சார்பில் போட்டியைக் கவனிப்பவர். ஜட்ஜான எனக்கு அந்த அதிகாரம் இல்லை. பிள்ளை உடனே "டெலிகேட்டைக் கூப்பிடுங்க ஆன்ட்டி" என்று கேட்க வேண்டும், கூச்சப்படக் கூடாது. ஸ்கோர்கார்டில் நேரத்தை டைமரிலுள்ள மூன்றாவது தசமத்தை விட்டுவிட்டு எழுதுவோம், 14.789 என்றால் 14.78. அது சரியாக இருக்கிறதா, பிளஸ் டூ போட்டிருந்தால் அது நியாயமா என்று பார்த்த பிறகுதான் பிள்ளை கையெழுத்துப் போட வேண்டும். சந்தேகம் இருந்தால் பேனாவைத் தொடாமல் கையைத் தூக்குங்கள். கையெழுத்துப் போட்டுவிட்டு அப்புறம் வந்து கேட்டால் மாற்றுவது கடினம்.