யன், யான்: ஒரு சின்ன செக் பெயரின் பொருளைத் தேடுவது எப்படி?

செக் நாட்டில் யன், ஸ்லோவாக்கியாவில் யான். ரோமன் எழுத்தில் ஜே, ஏ, என் என்று மூன்றே எழுத்து. இதற்குப் பொருள் தேடுகிறவர்கள் பெரும்பாலும் வழுக்குவது ஒரே இடத்தில்தான். எழுத்தைப் பார்த்ததும் தமக்குத் தெரிந்த ஏதோ ஒரு சொல்லோடு ஒட்டிவிடுகிறார்கள். உருதுவில் உயிரைக் குறிக்கும் ‘ஜான்’, ஜனவரியின் சுருக்கம் இரண்டுக்கும் இந்தப் பெயரோடு உறவு கிடையாது. நீண்ட பெயர் ஒன்று மொழிக்கு மொழி தேய்ந்து இந்த அளவுக்கு வந்திருக்கிறது. தேய்ந்த பாதையில் பின்னோக்கிப் போவதே சரியான வழி.

முதல் வேலை, பெயரை ஒலிக்குறியோடு எழுதிக்கொள்வது. செக் வடிவத்தில் ‘ஏ’ எழுத்தின்மேல் கோடு இல்லை. அது குறில், யன். ஸ்லோவாக் வடிவத்தில் சாய்கோடு உண்டு. அது நெடில், யான். குறில் நெடிலைப் பிரித்து எழுதும் வசதி நம் எழுத்தில் இருப்பதால் தமிழில் இதைத் துல்லியமாகக் காட்டிவிடலாம். ஆங்கில வழியாக வரும் ‘ஜான்’ இரண்டையுமே கெடுத்துவிடும். ‘ஜே’ இங்கே எப்போதும் யகர ஒலிதான். ஸ்லோவாக்கில் செல்லப் பெயராகும்போது நெடில் குறுகி யனோ, யன்கோ என்று வரும். அங்கே கோடு இல்லாதது அச்சுப்பிழை அல்ல.

அடுத்து, எந்தக் குடும்பத்துப் பெயர் என்று பாருங்கள். யரோஸ்லாவ், மிலோஸ்லாவ் போன்றவை இரண்டு ஸ்லாவியச் சொற்களைச் சேர்த்துக் கட்டிய பெயர்கள். அவற்றைப் பிரித்துப் பொருள் சொல்லலாம். யன் அப்படிப்பட்டதல்ல. கிறிஸ்தவத்தோடு வந்த பெயர். அதனால் செக் அகராதியில் வேர் தேடினால் ஒன்றும் அகப்படாது.

மூலம் எபிரேயத்தில் ‘யோகானான்’. ‘யோ’ என்பது இறைவன் பெயரின் குறுக்கம், ‘கானான்’ என்றால் அருள்கூர்ந்தார். இறைவன் அருள்கூர்ந்தார் என்பதுதான் பொருள். கிரேக்கம் நடுவிலிருந்த தொண்டை ஒலியை விட்டுவிட்டுத் தன் விகுதியைச் சேர்த்து ‘யோவான்னேஸ்’ என்றது. அது லத்தீனில் ‘யோஹன்னெஸ்’ ஆகித் திருச்சபை வழியே போஹீமியாவுக்கு (செக் நாட்டின் மேற்குப் பகுதி) வந்தபின் முன்னும் பின்னும் தேய்ந்து யன் ஆனது. இறைவன் பெயரிலிருந்து ஒரு யகரமும், அருளைச் சொன்ன வினையிலிருந்து ஓர் ‘அன்’ ஒலியும்தான் மிச்சம். மூன்று எழுத்தை மட்டும் வைத்துக்கொண்டு பொருள் சொல்ல முடியாததற்குக் காரணம் இதுவே.

தமிழ்க் கத்தோலிக்கர் இதே பெயரை ஒலிபெயர்க்காமல் பொருள்பெயர்த்தார்கள் என்பது நமக்குப் பெரிய உதவி. பழைய கத்தோலிக்க விவிலியத்தில் யோவான் ‘அருளப்பர்’. 1693-இல் ஓரியூரில் கொல்லப்பட்ட போர்ச்சுகீசியத் துறவி ஜோவான் டி பிரிட்டோ நமக்கு ‘அருளானந்தர்’. யன் என்ற பெயருக்குத் தமிழில் நேர்ப்பொருள் கேட்டால் அருளப்பன் என்றே சொல்லலாம். அதைவிடப் பொருத்தமான சொல் இல்லை.

இனி கிளைகளைப் பிரிக்க வேண்டும். ஹொன்ஸா என்று ஒருவரை நண்பர்கள் கூப்பிடுவார்கள், அடையாள அட்டையில் யன் என்றிருக்கும். இரண்டு பேர் என்று எண்ண வேண்டாம். ஜெர்மானிய ‘ஹான்ஸ்’ செக் வாயில் ஹொன்ஸா ஆயிற்று. அந்த ஹான்ஸும் யோஹன்னெஸின் குறுக்கமே. யெண்டா, யெனீக், ஹொன்ஸீக் எல்லாம் யன்னின் செல்லப் பெயர்கள்தான். இவான் வேறு பாதையில் வந்த அதே பெயர். ஆனால் செக் நாட்காட்டியில் பெயர்களுக்கென்று தனி நாள் உண்டு: யன்னுக்கு ஜூன் 24, இவானுக்கு ஜூன் 25. இரண்டும் தனித்தனிப் பெயர்கள். மூலம் ஒன்று என்பதற்காக இவானை யன் என்று மாற்றி எழுதக் கூடாது. ஹனா, அன்னா இரண்டுக்கும் அதே அருள் வேர் உண்டு, அவை யன்னிலிருந்து பிறந்தவை அல்ல. யாகிம் யோவாக்கிமிலிருந்து வந்தது. தொடக்க ஒலியை நம்பி அதை இந்தப் பட்டியலில் சேர்த்துவிடாதீர்கள்.

அதிகம் பேர் தவறுவது வேற்றுமையில். பிராகில் ஒரு சதுக்கத்தின் பலகையில் ‘நாமியெஸ்தி யனா பலஹா’ என்றிருக்கும். யனா என்பது பெண்பெயராயிற்றே, பலஹா என்பவர் யார் என்று குழம்புவார்கள். 1969 ஜனவரி 16 அன்று தீக்குளித்து மூன்று நாள் கழித்து இறந்த மாணவர் யன் பலஹ்தான் அவர். ‘யன் பலஹ்’ ஆறாம் வேற்றுமையில் ‘யனா பலஹா’ ஆகும். யன் பலஹின் சதுக்கம் என்று பொருள். ஜூலை 6 செக் நாட்டில் விடுமுறை. 1415-இல் அன்றுதான் சமயச் சீர்திருத்தவாதி யன் ஹுஸ் எரிக்கப்பட்டார். நாட்காட்டியில் அவர் பெயரும் ‘யனா ஹுஸா’ என்றே இருக்கும். கண்டுபிடிக்கும் முறை எளிது: குடும்பப்பெயரின் முடிவைப் பாருங்கள். யனா நோவாகா என்றால் யன் நோவாக் என்ற ஆண். யனா நோவாகோவா என்றால் பெண். ‘ஓவா’ விகுதி பெண்ணுக்கே உரியது. குடும்பப்பெயர் ஸ்வோபொடா போல அகரத்தில் முடிந்தால் ஆணுக்கு யனா ஸ்வோபொடி, பெண்ணுக்கு யனா ஸ்வோபொடோவா.

நேரில் கூப்பிடும்போது விளி வேற்றுமை வேண்டும். செக்கில் அது ‘யனே!’ நம் ‘முருகனே’ போலவே முடிவது தற்செயல்தான், ஆனால் மனத்தில் நிற்க அது போதும். ஹொன்ஸாவுக்கு ‘ஹொன்ஸோ!’ கடிதத்திலும் விளி வடிவமே எழுத வேண்டும். ஸ்லோவாக்கில் இன்று பொதுவாகப் பெயரை மாற்றாமலே கூப்பிடுகிறார்கள்.

முன்னோரைத் தேடிப் பழைய திருச்சபைப் பதிவேடுகளைப் புரட்டுகிறவர்களுக்கு இன்னும் கவனம் தேவை. ஒரே மனிதர் திருமுழுக்குப் பதிவில் லத்தீனில் யோவன்னெஸ், திருமணப் பதிவில் ஜெர்மனில் யோஹன், இறப்புப் பதிவில் செக்கில் யன் என்று மூன்று வேடத்தில் வரலாம். மாறியது எழுதிய மொழி, ஆளின் இனம் அல்ல. ‘யோவன்னிஸ்’ என்று கண்டால் அது லத்தீன் ஆறாம் வேற்றுமை. பெரும்பாலும் தகப்பன் பெயராக இருக்கும். பெயரை மட்டும் நம்பாமல் ஊர், வீட்டு எண், பெற்றோர் பெயர் மூன்றும் பொருந்துகின்றனவா என்று பாருங்கள். போஹீமியாவில் வீட்டு எண்கள் 1770-இல் தொடங்கியவை. அதற்கு முந்தைய பதிவில் அந்த உதவி இருக்காது. ஒரு குழந்தை இறந்தால் அடுத்த குழந்தைக்கும் யன் என்றே வைப்பது வழக்கம். முதல் யன்னைக் கண்டதும் நிறுத்தினால், சிறு வயதில் இறந்த அண்ணனையே பாட்டனாக எழுதிவிடுவீர்கள். இறப்புப் பதிவைப் பார்க்காமல் முடிவு கட்ட வேண்டாம்.

எந்தப் புனிதரின் பெயர் என்று அறியத் திருமுழுக்கு நாள் குறிப்புத் தரும். ஜூன் 24-ஐ ஒட்டி வந்தால் திருமுழுக்கு யோவான், டிசம்பர் 27 என்றால் நற்செய்தியாளர் யோவான். மே 16 நெபொமுக் ஊர் யன்னின் நாள். 1393-இல் பிராகின் வல்டாவா ஆற்றில் வீசப்பட்டு, 1729-இல் புனிதராக அறிவிக்கப்பட்டவர். ‘யோஹன் நெபொமுக்’ என்று இரண்டு சொல்லாக இருந்தால் அது முழுவதும் முதற்பெயர். நெபொமுக்கைக் குடும்பப்பெயராக எடுத்துக்கொண்டு தேடினால் தேடல் அதோடு நின்றுவிடும்.

கடைசியாக, தமிழில் எழுதும்போது எந்த வடிவம் என்ற கேள்வி. செக்கர் என்றால் யன், ஸ்லோவாக்கியர் என்றால் யான். 1793-இல் மோஷொவ்ட்ஸெயில் பிறந்த கவிஞர் கொல்லார் ஸ்லோவாக்கியர், ஆனால் எழுதியது செக்கில். செக் நூல்களில் யன், ஸ்லோவாக் நூல்களில் யான் என்று இரண்டு வடிவமும் வரும். நீங்கள் எந்த மொழி நூலைப் பின்பற்றுகிறீர்களோ அந்த வடிவத்தைக் கட்டுரை முழுக்க மாற்றாமல் வைத்துக்கொள்ளுங்கள்.