கதைக்குள் ஒளிரும் கொடியை வளர்க்கும் முறை

செடி எதற்காக ஒளிர்கிறது என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். நிறம், பெயர், மந்திர சக்தி எல்லாம் அதற்குப் பிறகு. ஒளி உண்டாக்குவது உயிருக்குச் செலவு. காரணமில்லாமல் எந்த உயிரும் அந்தச் செலவைத் தலைமுறை தலைமுறையாகச் செய்துகொண்டிருக்காது.

நம் உலகில் இயற்கையாக ஒளிரும் செடி கிடையாது, காளான்கள் உண்டு. மழைக்காலத்தில் மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகளில் மக்கும் கட்டைகள் பச்சையாக மினுங்குவது பூஞ்சையின் வேலைதான். பிரேசிலில் பனைகளின் அடியில் முளைக்கும் ஒரு காளான் இரவில் மட்டும் பிரகாசம் கூட்டுகிறது. அதேபோல ஒளிரும் போலிக் காளான்களை வைத்துப் பார்த்தபோது பூச்சிகள் தேடி வந்தன என்று 2015-இல் ஆய்வாளர்கள் காட்டினார்கள். உங்கள் கொடிக்கும் இப்படி ஒரு காரணம் கொடுங்கள். இந்தக் குறிப்புக்காக அதைச் சுடர்வள்ளி என்று அழைப்போம். மகரந்தம் சுமக்கும் அந்துப்பூச்சிகளை அழைக்க அதன் பூக்கள் ஒளிர்கின்றன என்று வைத்துக்கொள்வோம். அப்படியானால் மகரந்தச் சேர்க்கை முடிந்த பூ அணைந்துவிட வேண்டும். அந்துப்பூச்சி குறைந்த ஊரில் பூக்கள் நெடுநாள் எரிந்துகொண்டே இருக்கும், காய் பிடிக்காது. வெளிச்சம் மிகுந்த ஊர், விதையில்லாத ஊர்! இந்த ஒரு முடிவிலிருந்தே ஒரு கதை கிளம்பும்.

அடுத்தது ஒளிக்கணக்கு. பெரும்பாலான கதைகள் சறுக்குவது இங்கேதான். நல்ல வெயிலில் ஒரு சதுர மீட்டர் பரப்பில் சுமார் 1000 வாட் ஆற்றல் விழுகிறது. ஆறு மணி நேர வெயில் என்றால் 6 யூனிட், அதாவது 6000 வாட்-மணி. அதில் நூற்றில் ஒரு பங்கை இலை சேமிக்கிறது என்று கொள்ளுங்கள்: 60 வாட்-மணி. வளரவும் காய்க்கவும் போக, பத்தில் ஒரு பங்கை ஒளிக்கு ஒதுக்கினால் 6. வேதிவினையில் வீணாவது போக அதிலும் பத்தில் ஒன்றுதான் ஒளியாகிறது என்றால் 0.6. பத்து மணி நேர இரவுக்குப் பிரித்தால் 0.06 வாட். பச்சை ஒளியாக இது ஏறக்குறைய இரண்டு மெழுகுவத்திக்குச் சமம்.

ஆக, வெயில் படும் ஒரு சதுர மீட்டர் இலை, இரவு முழுக்க இரண்டு மெழுகுவத்தி. ஒரு மீட்டர் தள்ளி நின்றால் சுமார் 2 லக்ஸ் (ஒரு பரப்பில் விழும் வெளிச்சத்தின் அளவு). முழுநிலவு தருவது 0.3 லக்ஸுக்குள்தான் என்பதால் இது நல்ல வெளிச்சமே. ஆனால் தூரம் இரட்டித்தால் வெளிச்சம் கால்பங்காகிவிடும். ஓலைச்சுவடி படிக்க வேண்டுமென்றால் பூவை முகத்தருகே கொண்டுவர வேண்டும். ஒரே கொடி அரண்மனை மண்டபத்தை நிறைத்தது என்று எழுதினால் கணக்கு இடிக்கும். மண்டபத்துக்கு வெளியே எத்தனை குழி நிலத்தில் கொடி படர்ந்திருக்கிறது என்பதையும் சொல்லுங்கள். மூன்று நாள் மேகமூட்டம் என்றால் நகரம் மங்க வேண்டும். அடைமழைக் காலத்தில் திருடர்களும் எதிரிப்படையும் அதற்காகவே காத்திருப்பார்கள்.

குகைக்குள் ஒளிரும் செடி வைப்பது அடிக்கடி நடக்கும் பிழை. வெயில் எட்டாத இடத்தில் ஒளிக்கான ஆற்றல் எங்கிருந்து வரும்? இரண்டு வழிகள் உண்டு. செடியை விட்டுவிட்டு, மக்கும் பொருளை உண்ணும் பூஞ்சையாக மாற்றலாம். அல்லது இலை மலையுச்சியிலும் ஒளிரும் வேர் பாறைப்பிளவு வழியே குகைக்குள்ளும் இருக்கலாம். எனக்கு இரண்டாவதுதான் பிடிக்கும். மேலே ஆடு மேய்ந்தால் கீழே சுரங்கம் இருளும். மேய்ப்பவருக்கும் சுரங்கம் தோண்டுபவருக்கும் தீராத வழக்கு பிறக்கும்.

பறித்தால் என்ன ஆகும் என்பதையும் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். உயிரொளிக்கு லூசிஃபெரின் என்ற எரிபொருள், அதன் வினையைத் தூண்டும் லூசிஃபெரேஸ் என்ற நொதி, ஆக்சிஜன் ஆகிய மூன்றும் பொதுவாக வேண்டும். காற்றுப் புகாத பானையில் அடைத்த பூ மெல்ல அணையும், திறந்தால் மீண்டும் ஒளிரும். கடத்தல்காரனுக்கு இது போதும். கொதிக்க வைத்தால் நொதி கெட்டுவிடும், ஆகவே ஒளிரும் கஷாயம் கிடையாது. 1887-இல் பிரெஞ்சு அறிஞர் ரஃபாயேல் துபுவா, ஒளிரும் சிப்பியின் சாற்றை இரண்டு விதமாக எடுத்தார். வெந்நீர்ச் சாறு ஒளிரவில்லை. குளிர்நீர்ச் சாறு சற்று நேரம் ஒளிர்ந்து அணைந்தது. முதலாவதில் எரிபொருளும் இரண்டாவதில் நொதியும் மிஞ்சியிருந்ததால், இரண்டையும் கலந்ததும் ஒளி திரும்பியது. உங்கள் ஊர் வைத்தியர் இரண்டு குப்பி விற்கட்டும்; இரண்டும் ஒரே ஆளிடம் இருக்கக் கூடாது என்று அரசன் சட்டம் போடட்டும்.

பருவத்தை மறக்காதீர்கள். ஆண்டு முழுக்க ஒரே அளவில் பூக்கும் செடிக்கு விலையும் இராது, விழாவும் இராது. நீலகிரியிலும் பழனி மலையிலும் 12 ஆண்டுகளுக்கு ஒருமுறை குறிஞ்சி பூப்பதுபோல, சுடர்வள்ளியும் மொத்தமாகப் பூத்து மடிந்தால், அடுத்த விதை முளைத்துப் படரும்வரை நாடு எண்ணெயையே நம்ப வேண்டும். எண்ணெய் வணிகர்கள் விதைக் களஞ்சியத்தின் மேல் கண் வைப்பார்கள்.

வருணனையில் ஒரு எச்சரிக்கை. மங்கிய ஒளியில் கண்ணுக்கு நிறம் சரியாகத் தெரியாது. இருட்டுக்குப் பழக 20 முதல் 30 நிமிடம் ஆகும். தீப்பந்தத்துடன் காட்டுக்குள் நுழைந்த வீரன் உடனே ஒளிக்கடலைக் காண முடியாது. பந்தத்தை அணைத்து உட்கார வையுங்கள்: முதலில் ஒன்றும் தெரியாது, பிறகு சாம்பல் திட்டுகள், பிறகு இலை விளிம்பு, அதன் பிறகே வழி. பூவை முகத்தருகே பிடித்தால்தான் பச்சை தெரியும்.

எழுத உட்காருமுன் ஒரு தாளில் ஐந்து வரி குறியுங்கள்: யாருக்காக ஒளிர்கிறது, எவ்வளவு இலைக்கு எவ்வளவு வெளிச்சம், எது அணைக்கும், எப்போது பூக்கும், விதை யார் கையில். இவற்றில் ஒன்றை நடுவில் மாற்றினால், முன் அத்தியாயங்களின் இரவுக் காட்சிகளை எல்லாம் திரும்பப் படித்துத் திருத்துங்கள்.