கலோத்சவ அப்பீல்: பெற்றோர் தவறவிடும் இடங்கள்

கேரளப் பள்ளி மாணவர்களின் கலைப் போட்டித் திருவிழாவான கலோத்சவம் 1957-இல் எர்ணாகுளத்தில் தொடங்கியது. துணை மாவட்டம், வருவாய் மாவட்டம் என்று ஒவ்வொரு படியிலும் முதலிடம் பிடித்தால்தான் ஒரு பிள்ளை மாநில மேடைக்குப் போக முடியும். ஒரு மதிப்பெண் குறைந்தாலும் அந்த வருடம் போச்சு. அதனால்தான் டிசம்பர் வந்தால் போட்டி முடிவை எதிர்க்கும் மனுக்கள் கேரள உயர் நீதிமன்றத்தில் குவிகின்றன. தமிழ்ச் செய்யுள் ஒப்புவித்தலும் போட்டியில் உண்டு என்பதால் பாலக்காடு, இடுக்கிப் பக்கத்துத் தமிழ்க் குடும்பங்களுக்கும் இது தெரிந்த தலைவலிதான்.

பெரும்பாலான மனுக்கள் சறுக்குவது ஒரே இடத்தில். "என் பெண்தான் நன்றாக ஆடினாள், நடுவர் மதிப்பெண்ணைக் குறைத்துவிட்டார்" என்று எழுதுகிறார்கள். அது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் அரசியலமைப்புச் சட்டத்தின் 226-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்துக்கு வரும் ரிட் மனுவில் நீதிபதி நடனத்துக்கு மதிப்பெண் போட மாட்டார். விதி மீறப்பட்டதா, நடுவருக்கு உள்நோக்கம் இருந்ததா என்றுதான் பார்ப்பார். நடுவரே ஒரு போட்டியாளருக்குப் பயிற்சி கொடுத்தவர், மதிப்பெண் கூட்டலில் பிழை, மேடையில் ஆணி குத்தியது: இப்படி ஏதாவது கையில் இருக்க வேண்டும்.

கையில் இருப்பது என்றால் காகிதத்தில் இருப்பது. ஒரு மாவட்டப் போட்டியில் பரதநாட்டியம் நடந்துகொண்டிருந்தபோது பாட்டு பாதியில் நின்றுவிட்டது. அந்தப் பெண் தாளம் தவறாமல், சலங்கை ஒலியை மட்டும் வைத்துக்கொண்டு ஆடி முடித்தாள். அரங்கமே கைதட்டியது. கிடைத்தது மூன்றாம் இடம். அப்பா ஒலிபெருக்கிக்காரரிடம் சண்டை போட்டுக்கொண்டிருந்தார். ஸ்டேஜ் மேனேஜரிடம் யாரும் ஒரு வரிகூட எழுதிக் கொடுக்கவில்லை. அப்பீல் விசாரணையில் மேடைக் குறிப்பைப் புரட்டினால், பாட்டு நின்றதாகவே அதில் இல்லை. கைதட்டிய கூட்டமும் சாட்சிக்கு வரவில்லை. அந்தப் பிள்ளையை நினைத்தால் இன்றும் மனசு ஆறவில்லை. கோளாறு நடந்த உடனே, நேரத்தோடு எழுதிக் கொடுத்து நகல் வாங்குங்கள். வீடியோவை வெட்டாமல் முழுசாக வையுங்கள்.

சரி, அப்புறம் நேராக நீதிமன்றம் போகலாமா? கூடாது. முடிவை எதிர்த்து முதலில் முறையிட வேண்டிய கலோத்சவத்தின் அப்பீல் குழுவைத் தாண்டி வந்தால், "முதலில் அங்கே போங்கள்" என்ற பதில்தான் பெரும்பாலும் கிடைக்கும். அப்பீலுக்கான அவகாசமோ மிகக் குறைவு. குழு நிராகரித்தால் அந்த உத்தரவைக் கவனமாகப் படியுங்கள். காரணமே சொல்லாமல் ஒற்றை வரியில் தள்ளியிருந்தால், மறுபரிசீலனை கேட்பதற்கு அதுவே நல்ல காரணம்.

மனுவைப் பிள்ளையின் பெயரில், பெற்றோர் பிரதிநிதியாக இருந்து போட வேண்டும். முதலிடம் வந்த பிள்ளையைச் சேர்க்கச் சங்கடப்பட்டு விட்டுவிடுகிறார்கள். அவள் இடத்தையே கேட்கும் மனு என்றால் அவளும் எதிர்மனுதாரராக இருக்க வேண்டும். அவள் தரப்பைக் கேட்காமல் அந்த இடத்தைப் பறிக்க முடியாது.

உத்தரவு வாங்கித் தருகிறேன் என்று வரும் இடைத்தரகரை வாசலிலேயே நிறுத்துங்கள். 2018 ஜனவரியில் திருச்சூர் கலோத்சவத்தில் குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி அப்பீல் உத்தரவுகள் பிடிபட்டுக் கைதுகள் வரை போனது. கள்ளக் காகிதத்தோடு மேடையேறிய பிள்ளைக்கு அது கள்ளம் என்று எங்கே தெரிந்திருக்கும்?

2022 டிசம்பரில் இத்தகைய மனுக்களை விசாரித்த நீதிபதி வி.ஜி. அருண், ஜெயிப்பதைவிடப் பங்கேற்பதே முக்கியம், தோல்வியை ஏற்கப் பிள்ளைகளைப் பெற்றோர் தயார்படுத்த வேண்டும் என்றார். விலை உயர்ந்த உடைக்கும் அலங்காரத்துக்கும் செலவழிக்க முடியாத ஏழை வீடுகளையும் அவர் மறக்கவில்லை. நியாயமான மனு வைத்திருப்பவர்களும் அந்த உத்தரவை ஒரு தடவை படிக்கலாம்.

இடைக்கால உத்தரவு கிடைத்துவிட்டால் வீட்டில் இனிப்பு கொடுத்துவிடுகிறார்கள். அது ஆடுவதற்கான அனுமதி மட்டும்தான். இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது என்ற வரி அதில் இருக்கும். முடிவை நிறுத்திவைக்கச் சொல்லியும் இருக்கலாம். ஆடி முடித்த பிறகும் முடிவுப் பலகையில் தன் பெயர் வராமல் போகலாம் என்பதைச் சலங்கை கட்டும் முன்பே பிள்ளையிடம் சொல்லிவிடுங்கள்.