பழப் பூரணம் வைத்த ஓட்ஸ் குக்கீ: தவிர்க்க வேண்டிய தவறுகள்

குமரி மாவட்டத்தில் பழத்துக்குப் பஞ்சமே இல்லை. ரப்பர் தோட்டங்களில் ஊடுபயிராக அன்னாசி, புரையிடம் எனும் வீட்டுத் தோட்டங்களில் சக்கை (பலாப்பழம்), கடைகளில் குலை குலையாக மட்டி, ஏத்தன், செந்துளுவன் வாழைப்பழங்கள். இவற்றைப் பூரணமாக வைத்து வீட்டிலேயே ஓட்ஸ் குக்கீ சுடலாம். ஆனால் அடிப்பக்கம் வேகாமல் ஈரமாக நிற்பது, பூரணம் வழிந்து தட்டில் கருகுவது, மறுநாளே நமத்துப்போவது என்று மூன்று தொல்லைகள் திரும்பத் திரும்ப வரும். மூன்றுக்கும் பெரும்பாலும் காரணம் ஒன்றுதான், பழத்தில் இருக்கும் தண்ணீர்.

அன்னாசியில் ஏறக்குறைய 86 சதவீதம் தண்ணீர். வாழைப்பழத்தில் 75 சதவீதம். பச்சையாக நறுக்கி மாவுக்குள் வைத்தால், அந்தத் தண்ணீர் வெளியேற வழியில்லாமல் மாவையே நனைக்கும். அதனால் முதலில் பழத்தை வற்ற வைக்க வேண்டும். துருவிய அன்னாசி 250 கிராமுக்கு 80 கிராம் சர்க்கரை, இரண்டு கிராம்பு போட்டு அடி கனமான சட்டியில் கிளறுங்கள். நம் மலைத் தோட்டங்களில் விளையும் கிராம்பு இதற்கு அருமையாகப் பொருந்தும். கரண்டியால் நடுவே ஒரு கோடு இழுத்தால் அது மூடிக்கொள்ளாமல் அப்படியே நிற்க வேண்டும், அதுதான் பதம். கிராம்பை எடுத்துவிட்டு முழுக்க ஆறவிடுங்கள். சூடான பூரணம் மாவிலுள்ள வெண்ணெயை உருக்கிவிடும். கடை ஜாமை நம்பாதீர்கள். பலவும் ஓவன் சூட்டில் இளகி ஓடக்கூடியவை.

என்னைக் கேட்டால், நம் ஊரில் இதற்கென்றே செய்ததுபோல ஒரு பொருள் ஏற்கனவே இருக்கிறது: சக்கை வரட்டி. உருளியில் மணிக்கணக்கில் கிளறித் தண்ணீர் போன பண்டம், சூட்டிலும் வழியாது. அதிலேயே வெல்லம் நிறைய இருப்பதால் மாவில் சர்க்கரையை மூன்றில் ஒரு பங்கு குறைத்துக்கொள்ளுங்கள். குறைக்காவிட்டால் இனிப்பு திகட்டும், சக்கையின் மணமும் அமுங்கிப்போகும்.

மட்டிப்பழத்துக்கு 2023-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. அதன் பெருமையே மணம்தான், அதைப் போய்ச் சட்டியில் வதக்குவது வீண். அப்படியே உரித்துச் சாப்பிடுங்கள். பூரணத்துக்குத் தோலில் கரும்புள்ளி விழுந்த ஏத்தன் பழம் போதும். மசித்து, நெய்யில் சுருள வதக்கினால் கெட்டியாக நிற்கும்.

ஓட்ஸிலும் கவனம் வேண்டும். மசாலா ஓட்ஸ் கூடவே கூடாது, அதில் உப்பும் மசாலாவும் சேர்ந்திருக்கும். உடைத்த ஓட்ஸ் குக்கீ சுடும் நேரத்துக்குள் வேகாது. தட்டையான ஓட்ஸ்தான் சரி. ஆனால் முழுசு முழுசாகவே போட்டால் மாவு விரிந்து வெடிக்கும், அந்த வெடிப்பு வழியாகத்தான் பூரணம் கசியும். பாதியை மிக்ஸியில் ஒரு சுற்று சுற்றிக் கலந்தால் ஓரங்கள் நன்றாக ஒட்டும். 120 கிராம் ஓட்ஸ், 120 கிராம் கோதுமை மாவு, 100 கிராம் வெண்ணெய், 90 கிராம் சர்க்கரை, ஒரு முட்டை, அரை தேக்கரண்டி பேக்கிங் பவுடர், ஒரு சிட்டிகை உப்பு. இந்தக் கணக்கு வீட்டுக்குப் போதும்.

கருப்பட்டி சேர்க்க ஆசைப்படுபவர்கள் மண் போகக் கரைத்து வடிகட்டுவார்கள். அங்கேதான் தண்ணீர் மறுபடியும் உள்ளே வருகிறது. வடித்த பாகைத் திரும்பக் காய்ச்சிக் கெட்டியாக்கி, ஆறிய பிறகே சேருங்கள்.

நம் அடுக்களை பெரும்பாலும் 30 டிகிரி சூட்டில்தான் இருக்கும், வெண்ணெய் சீக்கிரம் எண்ணெயாகிவிடும். எனவே பிசைந்த மாவை அரை மணி நேரம் பிரிட்ஜில் வையுங்கள். ஓட்ஸ் ஈரத்தை இழுத்துக்கொள்ளவும் அந்த நேரம் வேண்டும். அப்புறம் 30 கிராம் உருண்டைக்கு ஒரு தேக்கரண்டிப் பூரணம், அதற்கு மேல் திணிக்க வேண்டாம். கொழுக்கட்டைபோல மூடி, ஒட்டிய பக்கம் கீழே வரும்படி தட்டில் வைத்து லேசாக அழுத்துங்கள்.

ஓவனை 175 டிகிரியில் 15 நிமிடம் முன்கூட்டியே சூடாக்க வேண்டும். நடுத்தட்டில் 14 நிமிடம் போதும். ஓரம் பொன்னிறமானதும் எடுத்துவிடுங்கள். நடுப்பகுதி மெத்தென்று இருப்பதைப் பார்த்து, வேகவில்லை என்று இன்னும் ஐந்து நிமிடம் விட்டால் ஆறியபின் கல்லாகிவிடும். தட்டிலேயே பத்து நிமிடம், பிறகு கம்பி வலையில் முழுக்க ஆறவிட வேண்டும். இளஞ்சூட்டோடு டப்பாவில் அடைத்தால் ஆவி உள்ளேயே நின்று நமத்துவிடும். ஐப்பசி, கார்த்திகை மழையில் இது இன்னும் மோசம். அந்த மாதங்களில் இரண்டு மூன்று நாளைக்கு ஆகிற அளவே சுடுங்கள். கிறிஸ்துமஸுக்கு நிறைய வேண்டுமென்றால், பூரணம் வைத்த உருண்டைகளைச் சுடாமல் பிரீசரில் வைத்து, கொடுக்கும் நாளன்று இரண்டு நிமிடம் கூடுதலாக விட்டுச் சுட்டுக்கொள்ளலாம்.