பிறை பார்த்துக் கிளம்புங்கள்: ஹனோயின் கைவினை ஊர்களும் தெருச் சாப்பாடும், ஒரே நாளில்

சுவோங் ஊருக்கு நான் முதல்முறை போனபோது அங்கே இருந்தது ஒரு காலி முற்றம், இரண்டு நாய், சைக்கிள் பழகிக்கொண்டிருந்த ஒரு பையன். ஓலைத் தொப்பிச் சந்தையைப் பார்க்கத்தான் ஹனோயிலிருந்து முப்பது கிலோமீட்டர் விடிகாலையில் வந்திருந்தேன். ‘சந்தை எங்கே?’ என்று போனில் மொழிபெயர்த்து ஒரு பாட்டியிடம் காட்டினேன். அவர் சிரித்துக்கொண்டே மூன்று விரலைக் காட்டினார். மூன்று மணிக்குத்தான் போல என்று நினைத்துப் பக்கத்து டீக்கடையில் உட்கார்ந்துவிட்டேன். அவர் சொன்னது மூன்று நாள் கழித்து!

அடுத்த வருடம் மனைவியோடு மறுபடி போனோம். அந்த முறை தொப்பிச் சந்தை, ஊதுபத்தி ஊர், பட்டு ஊர், பழைய நகரம் எல்லாம் ஒரே நாளில் சரியாக அமைந்தது. எப்படி என்பதைத்தான் கீழே எழுதியிருக்கிறேன். விசா, விமானம், சிம் கார்டு பற்றியெல்லாம் நிறையப் பேர் எழுதியாயிற்று, அதற்குள் நான் போகவில்லை.

படி 1: தேதியைப் பிறை பார்த்துக் குறியுங்கள்

நான் கோட்டை விட்டது இங்கேதான். சுவோங் தொப்பிச் சந்தை வாரக் கணக்கில் கூடுவதில்லை. வியட்நாமியச் சந்திர மாதத்தில் 4, 10, 14, 20, 24, 30 ஆகிய தேதிகளில் கூடும். செவ்வாயா ஞாயிறா என்பதெல்லாம் அந்த ஊருக்கு ஒரு பொருட்டே இல்லை.

நமக்கு இது கஷ்டமான கணக்கு இல்லை. அவர்கள் மாதம் அமாவாசையில் தொடங்குகிறது. அமாவாசையை ஒன்று என்று வைத்து எண்ணினால் நான்காவது நாள், பத்தாவது நாள் என்று வந்துவிடும். பதினைந்து பௌர்ணமியை ஒட்டி வரும். நான் ஏமாந்து உட்கார்ந்திருந்த நாளின் முந்தைய இரவுதான் அம்மா போனில் ‘நாளைக்கு அமாவாசை, தலைக்குக் குளி’ என்று சொல்லியிருந்தார். நாலாம் நாள்தான் சந்தை என்று அப்போதே தெரிந்திருந்தால் மூன்று நாள் தள்ளிப் போயிருப்பேன்.

ஆனால் நம் காலண்டரை மட்டும் நம்பிப் போகாதீர்கள், ஒரு நாள் முன்பின் ஆகலாம். கூகுள் காலண்டர் அமைப்புகளில் மாற்று நாட்காட்டி என்று ஒரு இடம் இருக்கும். அதில் சீன நாட்காட்டியைத் தேர்ந்தெடுத்தால் ஒவ்வொரு தேதிக்கும் அடியில் சந்திரத் தேதியும் வரும். சீனத் தேதியும் வியட்நாம் தேதியும் பெரும்பாலும் ஒன்றுதான். இரு நாட்டுக்கும் ஒரு மணி நேர வித்தியாசம் இருப்பதால் எப்போதாவது விலகும். 2007-இல் வியட்நாம் புத்தாண்டே சீனப் புத்தாண்டுக்கு ஒரு நாள் முன்னதாக வந்தது. அதனால் ஹனோய் போனதும் விடுதிச் சுவரில் தொங்கும் காலண்டரை ஒருமுறை பார்த்துவிடுங்கள். பெரிய எண் நம் ஆங்கிலத் தேதி, சின்ன எண் சந்திரத் தேதி.

30-ஆம் தேதியை நம்பித் திட்டம் போட வேண்டாம். சில சந்திர மாதங்களுக்கு 29 நாள்தான். என்னைக் கேட்டால் 14-ஐத் தேர்ந்தெடுப்பேன். சாப்பாட்டுக்கும் அது தோதான நாள், காரணம் பின்னால் வருகிறது.

வெயிலும் வேண்டும். ஊதுபத்திக் குச்சி காய்வதைப் பார்க்கத்தானே போகிறோம்? பிப்ரவரி, மார்ச்சில் ஹனோயில் நாள் கணக்கில் பூந்தூறல் விழும், அப்போது முற்றங்கள் வெறிச்சோடிக் கிடக்கும். அக்டோபர் முதல் டிசம்பர் வரை நல்லது.

படி 2: வண்டி

தொப்பி ஊர் சுவோங், ஊதுபத்தி ஊர் குவாங் ஃபூ காவ், பட்டு ஊர் வான் ஃபுக் மூன்றும் ஹனோய்க்குத் தெற்கு, தென்மேற்குப் பக்கம். சந்தைக்காக முதலில் சுவோங், பிறகு குவாங் ஃபூ காவ், கடைசியில் வான் ஃபுக் என்று நகரத்தை நோக்கித் திரும்பி வருவதுதான் திட்டம்.

கிராப் என்ற வாடகை வண்டிச் செயலியில் போவது சுலபம், திரும்புவதுதான் வம்பு. கிராமத்தில் நின்று கூப்பிட்டால் வண்டி வராது. பாதி நாளுக்குக் காரை ஓட்டுநரோடு பேசிவிடுங்கள், விடுதியிலேயே ஏற்பாடு செய்வார்கள். எங்களுக்கு 10 லட்சம் டாங் ஆனது. லட்சம் என்றதும் பதற வேண்டாம், ஏறக்குறைய 3,400 ரூபாய். குழுச் சுற்றுலாப் பேருந்து எனக்குப் பிடிக்காது. அது பத்தரை மணிக்கு ஊதுபத்தி முற்றத்தில் இறக்கிவிடும். அதற்குள் தொப்பிச் சந்தை கலைந்திருக்கும்.

நான் தமிழில் எழுதியிருக்கும் ஊர்ப் பெயர்களை வரைபடத்தில் தேடிப் பயனில்லை. மேலே கீழே குறி போட்ட அவர்கள் எழுத்தில்தான் சரியான இடம் வரும். விடுதி வரவேற்பில் இருப்பவரைத் தட்டச்சு செய்யச் சொல்லி மூன்று இடத்தையும் சேமித்துக்கொள்ளுங்கள். அப்புறம், மொழிபெயர்ப்புச் செயலியில் தமிழிலிருந்து நேராக வியட்நாமியத்துக்குப் போனால் பாட்டியோடு நான் பேசிய கதைதான் நடக்கும். சின்னச் சின்ன ஆங்கில வாக்கியமாகப் போட்டால் பரவாயில்லை.

படி 3: நீல நோட்டு

20,000 டாங் நோட்டும் நீலம், 500,000 டாங் நோட்டும் நீலம். வழுவழு பிளாஸ்டிக் நோட்டு, இரண்டிலும் ஹோ சி மின் முகம். முதல் பயணத்தில் ஒருநாள் இரவு எண்ணிப் பார்த்தபோது ஒரு ஐந்து லட்சம் குறைந்தது. எந்தக் கடையில் இருபதாயிரம் என்று நினைத்து நீட்டினேன் என்று இன்றுவரை தெரியாது. இப்போது பெரிய நீலத்தைப் பாஸ்போர்ட் உறையிலும் மற்றதைச் சட்டைப் பையிலும் வைக்கிறேன்.

ரூபாய்க் கணக்குக்கு: கடைசி மூன்று சைபரை வெட்டி, மூன்றால் பெருக்கி, மேலே பத்தில் ஒரு பங்கு சேர்த்துக்கொள்ளுங்கள். 50,000 டாங் என்றால் 150, மேலே 15. ஆக 165 ரூபாய் வாக்கில்.

படி 4: விடியலில் சுவோங்

ஐந்து மணிக்குக் கிளம்பினால் ஆறு, ஆறே காலுக்குப் போய்ச் சேரலாம். அந்நேரத்துக்கே சந்தை மும்முரமாக இருக்கும். எட்டு மணிக்கு மேல் போய்ப் பயனில்லை.

நோன் என்கிற அந்தக் கூம்புத் தொப்பியை ஒன்றுக்குள் ஒன்றாக அடுக்கி, ஆள் உயரத்துக்குக் கட்டி, சைக்கிளின் இரு பக்கமும் தொங்கவிட்டுக் கொண்டுவருகிறார்கள். முடிந்த தொப்பி மட்டும் விற்பதில்லை. ஓலை, மூங்கில் வளையம், நூல், மரச்சட்டம் என்று மூலப்பொருளும் அங்கேயே விற்கிறது. தொப்பி விற்ற காசில் அடுத்த தொப்பிக்கு ஓலை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிற பெண்களைப் பார்க்கலாம்.

சந்தை முடிந்ததும் தெருவுக்குள் நடந்து பாருங்கள். வாசலில் உட்கார்ந்து தைத்துக்கொண்டிருப்பார்கள். ஓலையை வெயிலில் வெளுக்கக் காயவைத்து, சூடான இரும்பின் மேல் துணிப் பொதியால் அழுத்தித் தேய்த்துச் சுருக்கம் எடுக்கிறார்கள். நாம் வேட்டிக்கு இஸ்திரி போடுவது போலத்தான். பிறகு கூம்பு வடிவச் சட்டத்தில் பதினாறு மூங்கில் வளையங்களை ஏற்றி, மேலே ஓலை, நடுவில் மூங்கில் பாளை, மறுபடி ஓலை என்று அடுக்கி, ஒவ்வொரு வளையத்தோடும் சேர்த்துத் தைக்கிறார்கள். பாளை இருப்பதால்தான் தொப்பி விறைப்பாக நிற்கிறது. வாங்கும்போது வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பாருங்கள், தையல் நெருக்கமாக இருந்தால் நல்ல தொப்பி.

காலைச் சாப்பாடு அங்கேயே ஆகிவிடும். சந்தை ஓரத்தில் ஸோய் என்ற ஒட்டரிசிச் சோறு கிடைக்கும். மேலே பாசிப்பருப்பு விழுதைச் சீவிப் போட்டு, பொரித்த வெங்காயம் தூவி இலையில் மடித்துத் தருவார்கள். பார்த்தால் சுத்த சைவம். ஆனால் கடைசியில் ஒரு கரண்டி உருக்கிய கோழிக் கொழுப்பை ஊற்றுவார்கள். என் மனைவி சைவம், கையை நீட்டித் தடுத்ததில் நூலிழையில் தப்பினார்.

படி 5: ஊதுபத்தி முற்றம்

குவாங் ஃபூ காவ் போக அரை மணி. சிவப்புச் சாயத்தில் முக்கிய மூங்கில் குச்சிகளைக் கட்டுக் கட்டாக நிறுத்தி, மேல்பக்கத்தை விரித்துவிட்டுக் காயவைப்பார்கள். முற்றம் முழுக்கச் செவ்வந்தி பூத்த மாதிரி இருக்கும். இணையத்தில் நீங்கள் பார்த்திருக்கும் படம் இதுதான்.

அந்தப் படத்தில் பாதி நமக்காகவே அடுக்கியது. தேசியக் கொடி வடிவத்திலும் நாட்டு வரைபட வடிவத்திலும் அடுக்கி, ஆளுக்கு 50,000 டாங் போல வாங்குகிறார்கள். அதில் தப்பில்லை, அடுக்கும் கூலிக்கு அது நியாயம்தான். இருபது நிமிடம் படம் எடுத்துவிட்டுப் பின்தெருவுக்குப் போய்விடுங்கள். மூங்கிலைப் பிளந்து சீவும் இயந்திரமும் சாயத் தொட்டியும் அங்கேதான் இருக்கின்றன. சாயம் துணியில் பட்டால் போகாது. வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு போய் நான் பட்டாயிற்று.

படி 6: மதியமும் பட்டும்

பதினொன்றரைக்கு ஹனோயின் தென்மேற்கு ஓரத்தில் இருக்கும் ஹா தோங் பகுதிக்கு வந்துவிடுங்கள். முதலில் சாப்பாடு. புன் சா மதியச் சாப்பாடு, அதைத் தேடக் கடைப் பெயர் தேவையில்லை. நடைபாதையில் கரியடுப்புப் புகை எங்கே எழுகிறதோ அங்கே போங்கள். சுட்ட பன்றி இறைச்சியைப் புளிப்பும் இனிப்புமான நீர்த்த மீன் சாற்றில் மிதக்க விட்டு, தனித் தட்டில் அரிசி நூடுல்ஸும் ஒரு குவியல் கீரையும் தருவார்கள். நூடுல்ஸைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சாற்றில் முக்கிச் சாப்பிட வேண்டும். நான் முதல்நாள் சாற்றை மொத்தமாகத் தூக்கி நூடுல்ஸ் மேல் ஊற்றினேன். கடைக்கார அம்மா தலையில் அடித்துக்கொண்டார். 50,000 முதல் 60,000 டாங் ஆகும். பன்றி வேண்டாதவர்களுக்கு ஃபோ கா, அதாவது கோழி போட்ட நூடுல்ஸ் சூப். ஃபோ போ என்றால் மாடு, குழப்பிக்கொள்ள வேண்டாம்.

சைவர்களுக்கு ஒரே மந்திரச் சொல் ‘சாய்’. நம் டீ இல்லை, சைவ உணவு என்று பொருள். ‘காய்கறி மட்டும்’ என்று சொல்லிப் பார்த்தோம், கீரை வதக்கலில் மீன் சாறு ஊற்றிக் கொடுத்தார்கள். அவர்களுக்கு நுவோக் மாம் என்ற அந்த மீன் சாறு உப்பு மாதிரி, அசைவக் கணக்கிலேயே வராது. ‘ஆன் சாய்’ என்று சொன்ன பிறகுதான் புரிந்துகொண்டார்கள். சந்திர மாதம் 1, 15 தேதிகளில் நிறையப் பேர் அங்கே சைவம் சாப்பிடுகிறார்கள், சைவக் கடைகளில் கூட்டம் அலைமோதும். 14-ஆம் நாள் சந்தை பார்த்துவிட்டு அடுத்த நாள் ஹனோயில் தங்கினால் உங்கள் வீட்டுச் சைவருக்குக் கொண்டாட்டம். நான் 14 என்று சொன்னது இதற்குத்தான்.

வான் ஃபுக் பட்டு ஊர் ஹா தோங்கிலேயே இருக்கிறது. முன்தெருவில் குடை கட்டித் தொங்கவிட்ட அலங்காரமும் வரிசையாகக் கடைகளும். அங்கே விற்பதெல்லாம் அங்கே நெய்ததில்லை. தறிச் சத்தம் எங்கிருந்து வருகிறது என்று காதைத் தீட்டிக்கொண்டு சந்துக்குள் போங்கள். உள்ளே விசைத்தறிகள் ஓடும், அட்டையில் துளை போட்டுப் பூவேலை நெய்யும் ஜக்கார்டு பெட்டி மேலே ஏறி இறங்கும். வாங்குவதானால் ஓரத்து நூல் ஒன்றை உருவிக் கொளுத்திக் காட்டச் சொல்லுங்கள். முடி கருகும் வாடை வந்து, சாம்பல் விரலில் பொடியானால் பட்டு. உருகி உருண்டையானால் பாலியெஸ்டர். பட்டுச்சேலை வாங்கிப் பழகிய வீட்டில் இதைச் சொல்லவே வேண்டாம், என் மனைவி கடைக்குள் நுழைந்ததும் தீப்பெட்டிதான் கேட்டார்.

இங்கேயே காரை அனுப்பிவிடுங்கள். 2021 நவம்பரில் திறந்த மெட்ரோ ஹா தோங் வழியாக நகருக்குள் காட் லின் நிலையம் வரை போகிறது. மாலை நெரிசலில் காரில் மாட்டுவதை விட மேல். காட் லின்னில் இறங்கி, பழைய நகருக்கு ஒரு பைக் டாக்ஸி.

படி 7: மாலையில் பழைய நகரம்

பழைய நகரத் தெருப் பெயர்கள் பெரும்பாலும் ஹாங் என்று தொடங்கும், சரக்கு என்று பொருள். ஒவ்வொரு தொழில் ஊரிலிருந்தும் வந்தவர்கள் ஒவ்வொரு தெருவில் குடியேறி, சரக்கின் பெயரே தெருப் பெயராகிவிட்டது. ஹாங் பாக் வெள்ளித் தெரு, இன்றும் நகைக்கடைகள் உண்டு. ஹாங் தியெக் தகரத் தெரு, இன்னும் டொக் டொக் என்று அடிக்கிறார்கள். ஹாங் நோன் தொப்பித் தெரு. காலையில் பார்த்த தொப்பியை அங்கே தேடினேன், பெயர் மட்டும்தான் மிச்சம்.

முட்டைக் காபியோடு முடியுங்கள். 1946-இல் பால் தட்டுப்பாட்டின்போது மெட்ரோபோல் ஹோட்டலில் வேலை பார்த்த நுயென் வான் ஸாங் மஞ்சள் கருவையும் சர்க்கரையையும் அடித்துக் காபி மேல் ஊற்றியதில் பிறந்தது. அவர் பெயரிலான கடை நுயென் ஹூ ஹுவான் தெரு 39-இல், ஒரு குறுகலான சந்துக்குள். கிண்ணத்தில் வெந்நீர் வைத்து அதில் கோப்பையை நிறுத்தித் தருவார்கள். ஆறவிட்டால் முட்டை வாடை வரும், சுடச்சுடக் குடித்துவிடுங்கள்.

பிறகு சேர்த்தது

பாட் சாங் மட்பாண்ட ஊரை ஏன் விட்டேன் என்று சிலர் கேட்டார்கள். அது செவ்வாற்றுக்கு அந்தப் பக்கம், எதிர்த்திசை. இன்னொரு நாள் லாங் பியன் நிறுத்தத்திலிருந்து 47A எண் பேருந்தில் போங்கள். சக்கரத்தில் நீங்கள் வனைவது காய்ந்து சூளை ஏறி வர நாளாகும், அன்றே கொண்டுவர முடியாது.

இன்னொருவருக்கு ஓட்டுநர் முகவரியே புரியவில்லை என்றாராம். 2025 ஜூலை 1 முதல் வியட்நாமில் மாவட்ட நிர்வாகத்தையே எடுத்துவிட்டார்கள், பழைய மாவட்டப் பெயரோடு எழுதிய முகவரி இப்போது குழப்பும். ஊர்ப் பெயரை மட்டும் காட்டினால் போதும்.

தொப்பியை எப்படிக் கொண்டுவந்தீர்கள் என்பதுதான் அதிகம் வந்த கேள்வி. பெட்டியில் வைத்தால் நசுங்கும், கையில் பிடித்தால் இடிக்கும். நாங்கள் வாங்கிய நாலையும் ஒன்றுக்குள் ஒன்றாகச் செருகித் தலையில் போட்டுக்கொண்டேன். குடியேற்றச் சாளரத்தில் மட்டும் கழற்றச் சொன்னார்கள்.