மாவுக்கட்டுக்குப் பிறகு என்ன ஆனார்? எலும்பு அறுவை மருத்துவராகவும் டிஜிட்டல் மருத்துவ ஆய்வாளராகவும் ஆக விரும்புவோருக்கு

தமிழ்நாட்டின் திருத்தணியிலிருந்து ஆந்திர எல்லைக்குள் உள்ள நகரி வழியாகத் திருப்பதிக்குச் செல்லும் சாலையில் புத்தூர் இருக்கிறது. எலும்பு முறிந்தவரை அங்கே அழைத்துச் சென்று கட்டுப் போடும் வழக்கம் இரு மாநிலங்களிலும் தலைமுறைகளாக உள்ளது. ‘புத்தூர் கட்டு’ என்று எழுதிய பலகைகளைத் தமிழ்நாட்டின் பல ஊர்களிலும் காணலாம். இந்த எல்லைப்புறத்தில் எலும்பு அறுவை மருத்துவராக வேண்டும் என்று என்னிடம் வரும் மாணவர்களிடம் நான் முதலில் பேசுவது நீட் தேர்வைப் பற்றியன்று, இந்தக் கட்டைப் பற்றித்தான். விலகாத எளிய முறிவுகள் எந்தக் கட்டிலும் கூடிவிடும் என்பதால் அதற்கு நல்ல பெயர் நிலைத்திருக்கிறது. கூடாமல் போனவர்களின் கதை யாருக்கும் தெரியாது, ஏனென்றால் அவர்கள் கட்டியவரிடம் திரும்பிப் போவதில்லை. இதைக் கேட்டுச் சிரிக்கும் இளம் மருத்துவரிடம், சென்ற ஆண்டு நீங்கள் தகடு வைத்து அனுப்பியவர்களில் எத்தனை பேர் இப்போது சம்மணமிட்டு உட்காருகிறார்கள் என்று கேட்டால், அவரும் மௌனமாகிவிடுவார்.

எலும்பு அறுவையும், கைப்பேசி, கணினி வழியாக நோயாளரின் நலத்தை ஆராயும் டிஜிட்டல் மருத்துவ ஆய்வும் சந்திக்கும் இடம் அந்த மௌனம்தான். எலும்பு அறுவையின் பலன் அறுவை அரங்கில் தெரிவதில்லை. ஆறு மாதம் கழித்து, நோயாளரின் வீட்டுத் திண்ணையில் தெரிகிறது. அந்தத் திண்ணை மாநில எல்லைக்கு அப்பால் இருக்கும்போது அதை எப்படிப் பார்ப்பது என்பதே எல்லைப்புற ஆய்வாளருக்குரிய கேள்வி. பழைய சித்தூர் மாவட்டத்து அரகொண்டா கிராமத்தில் 2000ஆம் ஆண்டிலேயே செயற்கைக்கோள் வழித் தொலைமருத்துவம் தொடங்கிவிட்டது என்பதால், இந்த மண்ணுக்கு இது புதிய எண்ணமும் அன்று.

பள்ளியைத் தேர்ந்தெடுக்கும்போதே கவனம்

எல்லையில் வாழும் பெற்றோர் பலர் அறியாமல் இழப்பது இந்த இடத்தில்தான். ஆந்திரத்தில் மருத்துவ இடங்களில் 85 விழுக்காடு உள்ளூர் மாணவர்களுக்குரியது. தகுதித் தேர்வு எழுதும் ஆண்டு வரை தொடர்ச்சியாக நான்கு கல்வியாண்டுகள் அந்தப் பகுதியிலேயே படித்தவரே பொதுவாக உள்ளூர் மாணவராகக் கருதப்படுகிறார். தமிழ்நாட்டில் 2020இல் வந்த 7.5 விழுக்காட்டு உள்ஒதுக்கீட்டுக்கோ ஆறாம் வகுப்பு முதல் பன்னிரண்டாம் வகுப்பு வரை அம்மாநில அரசுப் பள்ளியில் படித்திருக்க வேண்டும். ஆகவே, நகரியில் எட்டாம் வகுப்பு வரை படித்த பிள்ளையை ‘நல்ல தமிழ்ப் பள்ளி’ என்று ஒன்பதாம் வகுப்பில் திருத்தணிக்கு மாற்றினால், தமிழ்நாட்டுச் சலுகையும் கிடைக்காது, ஆந்திரத்து உள்ளூர் உரிமையும் போய்விடும். மாற்றுவதாயின் ஆறாம் வகுப்புக்கு முன் மாற்றுங்கள். இல்லையேல் பன்னிரண்டு முடியும்வரை இருக்கும் இடத்திலேயே இருக்கட்டும். தமிழ்நாட்டுப் பொது இடங்களுக்கு இருப்பிடச் சான்று தொடர்பான விதிகளும் உண்டு. அந்தந்த ஆண்டுத் தகவல் கையேட்டை வரிவரியாகப் படித்த பின்னரே விண்ணப்பியுங்கள்.

நீட் தேர்வைத் தமிழில் எழுதலாம், ஆனால் கல்லூரியில் பாடம் ஆங்கிலத்தில்தான் நடக்கும். எம்.பி.பி.எஸ். நான்கரை ஆண்டு, பிறகு ஓராண்டு கட்டாயப் பயிற்சி. அந்தப் பயிற்சி ஆண்டை முதுநிலை நுழைவுத் தேர்வுப் புத்தகத்தோடு விடுதி அறையில் கழிக்காமல், விபத்துப் பிரிவில் மாவுக்கட்டுப் போடக் கற்றுக்கொள்வதில் கழியுங்கள்.

முதுநிலையில் எம்.எஸ். எலும்பியல் மூன்றாண்டு, தேசியத் தேர்வு வாரியம் வழங்கும் டி.என்.பி. பட்ட வழியும் மூன்றாண்டே. இடத்துக்கான போட்டி கடுமையானது. மாநில வசிப்பிடத்தை அடிப்படையாகக் கொண்ட முதுநிலை மருத்துவ இடஒதுக்கீடு செல்லாது என்று 2025 சனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருப்பதால், எல்லையின் இரு பக்கத்திலும் உள்ள கல்லூரிகளை விருப்பப் பட்டியலில் வைப்பது பற்றி நம் மாணவர்கள் இப்போது கூடுதலாக யோசிக்கலாம். கல்லூரியைத் தேர்ந்தெடுக்கும்போது கட்டடத்தைப் பார்க்காதீர்கள். விபத்துப் பிரிவில் ஓர் இரவில் எத்தனை முறிவுகள் வருகின்றன, இரண்டாம் ஆண்டு மாணவர் கையில் கத்தி கொடுக்கப்படுகிறதா என்று அங்கே படிப்பவரிடம் நேரில் கேளுங்கள்.

கை முதலில், கணினி பிறகு

டிஜிட்டல் ஆய்வில் ஆர்வமுள்ள சிலர் முதுநிலை முதலாண்டிலேயே மடிக்கணினியோடு ஒதுங்கிவிடுகிறார்கள். இது தவறு என்பது என் உறுதியான கருத்து. எலும்பை இழுத்துச் சேர்க்கும்போது விரல்களில் தெரியும் சிறு ‘தடக்’ எந்தத் தரவுத்தளத்திலும் இல்லை. அதை அறியாதவர் வடிவமைக்கும் செயலி மருத்துவமனையில் ஒரு வாரம்கூட ஓடாது. மூன்றாண்டுகளில் நீங்கள் ஐயமின்றிக் கற்க வேண்டிய ஒன்றை மட்டும் சொல்ல வேண்டுமாயின், இறுகிய கட்டை அடையாளம் காண்பதைச் சொல்வேன். முழங்கைக்கு மேல் எலும்பு முறிந்த குழந்தையின் கையில் கட்டு இறுகித் தசைக்குள் அழுத்தம் ஏறினால், சில மணி நேரத்திலேயே தசை மீளாத நிலைக்குச் செல்லத் தொடங்கும். விரல்கள் மடங்கி முடங்கிப்போகும் இந்த நிலையை ஜெர்மானிய அறுவை மருத்துவர் ஃபோல்க்மன் 1881இல் விவரித்தார். விரலை மெதுவாக நீட்டிவிடும்போது குழந்தை அலறினால், நாடி தெரிகிறதே என்று ஆறுதல் கொள்ளாமல் கட்டை உடனே பிரிக்க வேண்டும். நாட்டு வைத்தியர் கட்டிய கட்டில் மட்டுமன்றி, நாம் போட்ட மாவுக்கட்டிலும் இது நேரும்.

மாங்காய்ப் பருவத்தில் மரத்திலிருந்து விழுபவர்கள், விசைத்தறியில் விரல் சிக்கியவர்கள், நெடுஞ்சாலையில் இருசக்கர வண்டியோடு சாய்ந்தவர்கள் என்று இந்தப் பகுதியின் முறிவுகளுக்கு ஒரு முகம் உண்டு. முதல் நாளிலிருந்தே ஒரு குறிப்பேட்டில், பெயர் எழுதாமல், முறிவின் வகை, வந்த நேரம், முன்னரே எங்கே கட்டினார்கள், என்ன செய்தோம், அடுத்த முறை வந்தாரா என்று ஐந்து செய்திகளை எழுதி வாருங்கள். ‘அடுத்த முறை வந்தாரா’ என்ற கடைசிக் கட்டத்தில் வெற்றிடங்கள் பெருகுவதைக் காண்பீர்கள். உங்கள் ஆய்வுக் கேள்வி அங்கேயே இருக்கிறது.

முதுநிலை ஆய்வேட்டை ஒரு சடங்காக முடித்துக்கொள்பவர்களே மிகுதி. சென்னையில் உள்ள தேசியத் தொற்றுநோயியல் நிறுவனம் இணையவழி நடத்தும் அடிப்படை ஆய்வுமுறைப் பாடம் முதுநிலை மாணவர்களுக்குக் கட்டாயமாக்கப்பட்டுள்ளது. அதைச் சான்றிதழுக்காக ஓட்டிவிடாமல், மாதிரி அளவு, அதாவது எத்தனை பேரை ஆராய வேண்டும் என்ற கணக்கு, பற்றிய பகுதியை இரண்டு முறை கேளுங்கள். மாவட்ட மருத்துவமனையில் மூன்று மாதம் பணிபுரியும் கட்டாயத்தைத் தண்டனையாக எண்ண வேண்டா. பெரிய மருத்துவமனை அனுப்பிவைத்த நோயாளர் எந்தத் தாளோடு திரும்பி வருகிறார், எந்தத் தாளைத் தொலைத்துவிடுகிறார் என்று அங்கேதான் பார்க்க முடியும்.

எல்லையைத் தாண்டும் நோயாளரைப் பின்தொடர்தல்

தமிழ்நாட்டில் 2021 திசம்பரில் தொடங்கிய ‘நம்மைக் காக்கும் 48’ திட்டத்தில், எந்த மாநிலத்தவராயினும் சாலை விபத்தில் சிக்கியவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சை இலவசம். ஆந்திர எண் பலகை வண்டியில் வந்தவருக்கு இங்கே அறுவை நடக்கிறது. தையல் பிரிப்பது அவருடைய ஊரில். ஆறாவது வாரத்து எக்ஸ்ரே மூன்றாவது ஓர் இடத்தில். இரு மாநிலக் காப்பீட்டு அட்டைகளும் ஒன்றோடொன்று பேசுவதில்லை. 2021இல் நாடு முழுவதும் அறிமுகமான ஆயுஷ்மான் பாரத் டிஜிட்டல் திட்டத்தின் 14 இலக்க ‘ஆபா’ எண், நோயாளரின் இசைவோடு இந்தப் பதிவுகளை இணைப்பதற்காக ஏற்பட்டது. எண் வழங்குவது எளிது. அதில் பொருளுள்ள பதிவு ஏறுகிறதா என்பதே கேள்வி. இதை ஆராய்வதற்கு எல்லைப்புற மருத்துவமனையைவிடப் பொருத்தமான இடம் கிடையாது.

பின்தொடர்தலில் எதை அளப்பது? முழங்கால் மாற்று அறுவைக்கு உலகெங்கும் பயன்படுத்தப்படும் ஆக்ஸ்ஃபோர்டு வினாப்பட்டியல் 1998இல் வெளியானது. 12 கேள்விகள், சுழியம் முதல் 48 வரை மதிப்பெண். அதில் காரில் ஏறி இறங்குவது பற்றிக் கேட்கிறார்கள். நம் நோயாளர் கவலைப்படுவது தரையில் உட்கார்ந்து எழுவதைப் பற்றியும், குந்தி உட்கார வேண்டிய கழிப்பறையைப் பற்றியும். எனவே ஒரு வினாப்பட்டியலை உரிமம் பெற்று மொழிபெயர்த்து, வேறொருவரைக் கொண்டு மீண்டும் ஆங்கிலத்துக்கு மாற்றி ஒப்பிட்டு, சிலரிடம் சோதித்து, வாழ்முறைக்கேற்பத் திருத்துவது தனி ஆய்வாகவே மதிக்கத் தக்கது. முதல் ஆய்வுக்கு இதைத்தான் பரிந்துரைப்பேன். செலவு குறைவு, பயன் நிலையானது.

இங்கே ஒரு பள்ளம் உண்டு, வெளியூர் ஆய்வாளர்கள் தவறாமல் விழுவது. நகரியிலும் சித்தூரிலும் வீட்டில் தமிழ் பேசும் பலர் தெலுங்கு வழிப் பள்ளியில் படித்தவர்கள். அவர்களுக்குத் தமிழ் எழுத்து வாசிக்க வராது, தெலுங்கில் கேட்டால் வலியைச் சொல்லும் சொல் வராது. தமிழில் அச்சிட்ட படிவத்தைக் கொடுத்தால் மரியாதைக்காகத் தலையாட்டி, ஏதோ ஒரு கட்டத்தில் குறியிட்டுத் தருவார்கள். கேள்விகளைக் குரலில் பதிந்து, அந்த ஊர்த் தமிழிலேயே, கைப்பேசியில் கேட்கச் செய்து, விடையை எண் பொத்தானில் பெறுங்கள். ‘கடுப்பு’, ‘குடைச்சல்’, ‘பிடிப்பு’ ஆகிய மூன்றும் ஒரே வலி அன்று என்பதையும் மொழிபெயர்ப்புக் குழுவில் ஒருவராவது அறிந்திருக்க வேண்டும்.

தரவு சேர்ப்பதற்கு வாட்ஸ்அப் குழு போதாது. ஆய்வு நிறுவனங்களுக்கு உரிமக் கட்டணமின்றிக் கிடைக்கும் ரெட்கேப் போன்ற மென்பொருளில் படிவம் அமைக்கவும், புள்ளியியலுக்கான ‘ஆர்’ நிரல்மொழியில் எளிய பகுப்பாய்வு செய்யவும் ஆறு மாதத்தில் கற்றுவிடலாம். நிரலாளர் ஆக வேண்டியதில்லை. நிரலாளரிடம் சரியான கேள்வி கேட்கத் தெரிந்தால் போதும். ஏர்ப்பேட்டில் திருப்பதி ஐ.ஐ.டி.யும் வேலூரில் பொறியியல் கல்வி நிலையங்களும் இருக்கும்போது, கூட்டாளியைத் தேடிப் பெங்களூர் போக வேண்டிய தேவையும் இல்லை.

எக்ஸ்ரே படத்தில் முறிவைக் கண்டுபிடிக்கும் செயற்கை நுண்ணறிவு பற்றி எல்லோரும் கேட்கிறார்கள். எளிய கணக்கு ஒன்று போட்டுப் பாருங்கள். ஆயிரம் படங்களில் நூறு பேருக்கு முறிவு. கருவி நூற்றுக்கு 95 முறிவுகளைப் பிடிக்கும், முறிவில்லாதவரில் நூற்றுக்குப் பத்துப் பேரைத் தவறாகக் காட்டும் என்று கொள்வோம். அது 185 முறை மணியடிக்கும். அவற்றில் 90 வெற்று மணி, ஐந்து முறிவுகள் தப்பிவிடும். அந்த ஐந்து பேர் யார் என்பதே உங்கள் ஆய்வு. ஒரே நோயாளரின் இரண்டு படங்களில் ஒன்று கணினிக்குக் கற்பிக்கும் பயிற்சித் தொகுப்பிலும் மற்றொன்று அதைத் தேர்வு செய்யும் சோதனைத் தொகுப்பிலும் சேர்ந்துவிட்டால், கணினி அவரை முன்பே பார்த்துவிட்டதால், வரும் உயர்ந்த மதிப்பெண் பொய்யானது. இடுப்பெலும்பு முறிவு குறித்து 2019இல் வெளியான ஓர் ஆய்வு, கணினி எலும்பை மட்டுமன்றி, எந்தக் கருவியில் படம் எடுக்கப்பட்டது என்பது போன்ற சூழல் குறிப்புகளையும் கொண்டு விடை சொல்லக்கூடும் என்று காட்டியது. பெருநகரத்துக் கருவியில் பயின்ற மென்பொருளை வட்டார மருத்துவமனைப் படங்களில் மீண்டும் சோதிக்காமல் நம்பக்கூடாது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டா.

சட்டத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 2020 மார்ச்சில் வந்த தொலைமருத்துவ வழிகாட்டு நெறிகளின்படி பதிவு பெற்ற மருத்துவர் நாட்டின் எப்பகுதி நோயாளருக்கும் ஆலோசனை தரலாம். செயற்கை நுண்ணறிவு தானாக மருந்து எழுத அதில் இடமில்லை. நெறிமுறைக் குழுவின் ஒப்புதல் இல்லாமல் ஒரு படத்தையும் ஆய்வுக்கு எடுக்காதீர்கள். கோப்பின் பெயரை மாற்றிவிட்டால் போதாது, எக்ஸ்ரேயின் மூலையில் நோயாளர் பெயர் படத்தோடு படமாகப் பதிந்திருக்கும். அதையும் அழிக்க வேண்டும். புதிய சிகிச்சையையோ செயலியையோ நோயாளரிடம் சோதிப்பதாயின், முதல் நபரைச் சேர்ப்பதற்கு முன்பே இந்திய மருத்துவச் சோதனைப் பதிவேட்டில் பதிவு செய்யுங்கள்.

வேலையில் சேரும்போது, வாரத்தில் ஒரு நாள் ஆய்வுக்கு என்று நியமனக் கடிதத்திலேயே எழுதி வாங்குங்கள். ‘பார்த்துக்கொள்ளலாம்’ என்ற வாய்மொழி, முதல் மாதத்து அறுவைப் பட்டியலோடு காணாமல் போகும். எனக்கு அப்படித்தான் போயிற்று. வருமானம், தனியார் மருத்துவமனையில் மூட்டு மாற்று மட்டும் செய்யும் வகுப்புத் தோழரைவிடக் குறைவாகவே இருக்கும். வீட்டாரிடம் இதை முன்கூட்டியே சொல்லிவிடுவது நல்லது.

இனிச் சில்லறை விவரங்கள். ஒவ்வொரு நோயாளரிடமும் இரண்டு கைப்பேசி எண்கள் வாங்குங்கள். ஒன்று அவருடையது, மற்றொன்று எண்ணை அடிக்கடி மாற்றாத உறவினருடையது. தறி வேலை செய்பவரைத் தறி ஓடும் நேரத்தில் அழைத்தால் சத்தத்தில் எதுவும் கேட்காது. ஆறாவது மாதப் பரிசோதனை நாளைக் குறிக்கும்போது நாட்காட்டியையும் பாருங்கள். ஆடிக் கிருத்திகை வாரத்தில் திருத்தணிப் பேருந்துகள் காவடிகளால் நிரம்பியிருக்கும், உங்கள் வெளிநோயாளர் பிரிவில் ஒருவரும் இருக்கமாட்டார்.